கோணலாகப் பொருந்திய கால்: நோய்ப் பகுப்புக் குறியீடுகளும் யாழ்ப்பாணச் சமூக வரலாறும்

முன்னுரை

நோய்க்குப் பெயரிடுதல் வைத்தியத் தொழிலின் ஒரு பகுதி. அதே வேளையில் அது மொழித் தொழிலுமாகும். ஒரு சமூகம் தன் உறுப்பினரின் உடலில் நேர்ந்த ஊறுகளை எச்சொற்களாற் குறிக்கின்றது, எவற்றை ஒருங்கு சேர்த்து எண்ணுகின்றது, எவற்றை எண்ணாது விடுகின்றது என்பன அச்சமூகத்தின் உற்பத்தி உறவுகளோடும் அதிகார அமைப்போடும் தொடர்புடையவை. இலக்கியத்தையும் மொழி வழக்கையும் சமூக அடிப்படையில் ஆராய்தல் நம்மிடையே நிலைபெற்றுவிட்ட போதிலும், வைத்தியப் புள்ளிவிபரம் என்னும் எழுத்துத்துறை அத்தகைய ஆய்வுக்கு அதிகம் உட்படவில்லை. வைத்தியசாலைக் கட்டிலருகே எழுதப்படும் ஒரு வரியும் ஒரு பிரதியே. அதற்கு எழுதுவோர் உளர், இலக்கணம் உண்டு, வாசிப்போரும் உளர்.

இக்கட்டுரை அத்துறையின் மிகச் சிறிய கூறொன்றை எடுத்துக்கொள்கின்றது. முழங்காலுக்குக் கீழே முறிந்து, பின்னர் பிழையாகப் பொருந்திய என்பு, உலகளாவிய நோய்ப் பகுப்பில் எவ்வாறு குறிக்கப்படுகின்றது, அக்குறிப்பில் எது நிலைக்கின்றது, எது மறைகின்றது என்பனவே இங்கு ஆராயப்படுகின்றன. யாழ்ப்பாணக் குடாநாட்டைக் களமாகக் கொள்வதற்குக் காரணங்கள் மூன்று. பனையேறுந் தொழில் தலைமுறை தலைமுறையாக ஒடுக்கப்பட்ட மக்களின் கால்களையும் முதுகையும் பலிகொண்ட பிரதேசம் இது. 1983 முதல் 2009 வரை நீடித்த யுத்தத்தின் முறிவுகளைச் சுமந்த பிரதேசமும் இதுவே. மேலைத்தேய வைத்தியமும் சுதேச முறிவு நெரிவு வைத்தியமும் அருகருகே இயங்கிவந்தமை மூன்றாவது காரணமாகும்.

முறிவும் பொருத்தும்

குறியீட்டை விளங்கிக்கொள்வதற்கு முதலில் என்பை விளங்கிக்கொள்ளல் வேண்டும். முழங்காலுக்கும் கணுக்காலுக்கும் இடையே இரு என்புகள் உள்ளன. உடலின் பாரத்தைத் தாங்குவது கணைக்கால் உள்ளென்பு. அதற்குப் பக்கத்தில் மெலிந்து நிற்பது கணைக்கால் வெளியென்பு. உள்ளென்பின் முன்புறம் தோலுக்கு நேர்கீழே அமைந்துள்ளது. கையால் தடவி அறியத்தக்கது. இதனால் அது முறியும்போது தோலைக் கிழித்து வெளியே வருதல் எளிது. அதன் கீழ் மூன்றிலொரு பகுதியில் தசை குறைவு. இரத்த ஓட்டமும் குறைவு. எனவே அவ்விடத்து முறிவு பொருந்துவதற்கு நீண்ட காலம் எடுக்கும். வளர்ந்த ஒருவரின் உள்ளென்புத் தண்டு முறியுமாயின், பாரம் தாங்கத்தக்க உறுதியை அது பெறுவதற்குப் பெரும்பாலும் நான்கு மாதங்கள் வரை செல்லும். சில வேளைகளில் அதற்கும் மேலாகும்.

பொருந்துதல் பிழைக்கும் வகைகளை மருத்துவம் மூன்றாகப் பிரிக்கின்றது. உரிய காலத்திற் பொருந்தாது பிந்துதல் ஒன்று. அறவே பொருந்தாது, முறிந்த இடம் பொய்மூட்டுப் போல அசைந்துகொண்டிருத்தல் மற்றொன்று. பொருந்தியும் வடிவம் பிழைத்தல் மூன்றாவது. நம் ஊர்வழக்கில் ‘கோணலாய்ப் பொருந்தினது’ என்று கூறப்படுவது இம்மூன்றாவதே. கால் உள்நோக்கியோ வெளிநோக்கியோ வளைதல், பாதம் திரும்பி நிற்றல், கால் நீளம் குறைதல் ஆகிய மூன்றும் இதன் வடிவங்கள். இதனால் நடை கெடும். குந்தியிருத்தல் இயலாது போகும். காலப்போக்கில் முழங்கால், கணுக்கால் மூட்டுகள் தேயும்.

இங்கு ஒரு வேறுபாடு மனங்கொள்ளத்தக்கது. பொருந்தாத முறிவில் என்பு தன் வேலையை முடிக்கவில்லை. கோணலாகப் பொருந்திய முறிவிலோ என்பு தன் வேலையைச் செய்து முடித்துவிட்டது. அதனை நேராகப் பிடித்துவைத்திருக்க வேண்டிய ஏற்பாடே தவறிவிட்டது. அவ்வேற்பாட்டில் வைத்தியரின் கைத்திறன் அடங்கும். எக்ஸ்றேப் படமும் பிளாஸ்ரர்க் கட்டும் அடங்கும். மாதக்கணக்கில் ஓய்ந்திருக்கத்தக்க பொருளாதாரமும் அடங்கும். ஆறாம் வாரத்திலேயே கட்டை அவிழ்த்துத் தொழிலுக்குப் போக வேண்டியிருப்பவனின் என்பும், வேதனத்துடன் விடுமுறை பெற்றவனின் என்பும் உயிரியலின்படி ஒன்றே. சிறந்த வசதிகளுள்ள வைத்தியசாலைகளிலும் சில முறிவுகள் கோணலாகப் பொருந்துவதுண்டு. ஆயினும், எவருடைய கால்கள் அதிகம் கோணுகின்றன என்ற வினா உயிரியலால் மட்டும் விடையிறுக்கத்தக்கதன்று.

பகுப்பின் தோற்றம்

நோய்களைப் பட்டியலிட்டு எண்ணும் வழக்கம் வணிக மூலதனமும் நகரங்களும் வளர்ந்த ஐரோப்பாவில் உருப்பெற்றது. லண்டன் நகரத்து இறப்புப் பட்டியல்களை ஆராய்ந்து ஜோன் கிராண்ட் 1662 இல் வெளியிட்ட நூல் இத்துறையின் தொடக்கமாகக் கொள்ளப்படுகின்றது. கைத்தொழிற் புரட்சிக்குப் பின் இங்கிலாந்தின் பதிவாளர் நாயகம் அலுவலகத்திற் பணியாற்றிய வில்லியம் பார் இப்பணியை விஞ்ஞான நிலைக்கு உயர்த்தினார். 1839 இல் வெளிவந்த முதலாவது ஆண்டறிக்கையில் அவர் 63 இறப்புகளுக்குப் பட்டினியைக் காரணமாகக் காட்டினார். புதிய வறியோர் சட்டத்தின் சிற்பிகளுள் ஒருவரான எட்வின் சாட்விக் அதனை வன்மையாக மறுத்தார். பட்டினி ஒரு மரணக் காரணமென ஏற்கப்படின் சட்டமே குற்றவாளியாகும் என்பது தெளிவு. பகுப்பில் ஒரு சொல் இடம்பெறுவதும் நீக்கப்படுவதும் வர்க்க நலன்களோடு பிணைந்தவை என்பதற்கு இவ்விவாதம் ஆரம்பச் சான்றாகும்.

1893 இல் ஜாக் பெர்ட்டியோன் முன்வைத்த மரணக் காரணப் பட்டியல் பல நாடுகளால் ஏற்கப்பட்டது. 1948 இல் உலக சுகாதார நிறுவனம் அதன் ஆறாவது திருத்தத்தைப் பொறுப்பேற்றபோதுதான், இறப்புக்கு அப்பால், உயிரோடிருப்போரின் நோய்களும் காயங்களும் முறையாக இடம்பெற்றன. முறிந்த கால் பொதுவாக ஆளைக் கொல்வதில்லை. எனவே, இறந்தோரை மட்டும் எண்ணிய காலம் வரை கோணற்காலுக்கு அப்பட்டியலில் இடமிருக்கவில்லை. பத்தாவது திருத்தம் 1990 இல் ஏற்கப்பட்டு 1994 முதல் வழக்குக்கு வந்தது. பதினோராவது திருத்தம் 2019 இல் ஏற்கப்பட்டு 2022 இல் நடைமுறைக்கு வந்தது. நமது ஆய்வுக்குப் பத்தாவது திருத்தமே அடிப்படையாகும்.

ஒரு காலுக்கு மூன்று இடங்கள்

பத்தாவது திருத்தத்தில் ஒவ்வொரு நோய்நிலைக்கும் ஓர் ஆங்கில எழுத்தும் சில இலக்கங்களும் தரப்பட்டுள்ளன. முழங்காலுக்குக் கீழான முறிவு எஸ் 82 என்ற தொகுதியில் அடங்கும். உள்ளென்பின் மேல்முனை 82.1, தண்டு 82.2, கீழ்முனை 82.3, வெளியென்பு மட்டும் முறிந்தால் 82.4. உட்கணுவும் வெளிக்கணுவும் முறையே 82.5, 82.6 ஆகும். தோல் கிழியாத முறிவா, கிழிந்த முறிவா என்பதை மேலும் ஓர் இலக்கத்தாற் காட்டலாம். இவையனைத்தும் ‘காயங்கள்’ என்னும் பத்தொன்பதாம் அத்தியாயத்துக்குரியன.

அதே கால் கோணலாகப் பொருந்திய பின் வேறோர் அத்தியாயத்துக்குக் குடிபெயர்கின்றது. தசை, என்பு நோய்களுக்குரிய பதின்மூன்றாம் அத்தியாயத்தில் எம் 84.0 என்பது கோணற் பொருத்தையும், எம் 84.1 என்பது பொருந்தாமையையும், எம் 84.2 என்பது பொருத்துப் பிந்துதலையும் குறிக்கும். உடலின் எப்பகுதி என்பதற்குத் துணை இலக்கம் உண்டு. கணைக்காலுக்கு அது 6. அன்றியும், பழைய காயத்தின் பின்விளைவுகளைக் காட்டுவதற்கு மூன்றாவது இடமொன்றும் உண்டு. கணைக்கால் முறிவின் பின்விளைவு ரி 93.2 என்பதில் அடங்கும். பின்விளைவு என்று வைத்தியரால் எழுதப்பட்டவையும், காயம் நேர்ந்து ஓராண்டோ அதற்கு மேலோ கடந்த பின் காணப்படுபவையும் இதற்குரியன.

இதன் உட்பொருளை ஓர் உதாரணத்தால் விளக்கலாம். கள்ளிறக்கும் தொழிலாளி ஒருவர் பனையிலிருந்து வீழ்ந்து உள்ளென்புத் தண்டை முறித்துக்கொள்கின்றார் எனக் கொள்வோம். வைத்தியசாலையில் அவர் எஸ் 82.2. பிளாஸ்ரர் போட்டு அனுப்பப்படுகின்றார். குடும்பம் பசித்திருக்க, உரிய காலத்துக்கு முன்னரே காலூன்றுகின்றார். பரிசோதனைக்குத் திரும்பி வரவில்லை. இரண்டாண்டுகளின் பின், நடக்கவியலாத வலியோடு மீண்டும் வருகின்றார். இப்போது அவர் எம் 84.0. அதனோடு ரி 93.2 என்பதும் எழுதப்பட்டாலன்றி, இவ்விரு வருகைகளும் ஒரே காலுக்குரியவை என்பதைப் புள்ளிவிபரம் அறியாது. முதல் வருகையில் காயம்பட்டவராக எண்ணப்பட்டவர், இரண்டாம் வருகையில் என்பு நோயாளியாக எண்ணப்படுகின்றார். வீழ்ச்சி ஓர் ஏட்டிலும் அதன் விளைவு வேறோர் ஏட்டிலும் கிடக்கின்றன. நோயாளி ஒருவருக்கு ஒரு பிரதான நோய் என்ற கணக்கில் தொகுக்கப்படும் எந்தத் திரட்டிலும் இத்தொடர்பு அறுந்துபோதல் தவிர்க்கவியலாதது.

காரணத்தின் இடம்

அவ்வாறாயின் இப்பகுப்பு காரணத்தை அறியாததா? அன்று. நம்முள் சிலர் கருதுவது போல அது உடலை மட்டும் காணும் வெறும் இயந்திரப் பட்டியலன்று. புறக்காரணங்களுக்கெனத் தனி அத்தியாயமே அதில் உண்டு. மரத்திலிருந்து வீழ்தல் என்பதற்கு டபிள்யூ 14 என்ற குறியீடு இருக்கின்றது. வீழ்ந்த இடம் வீடா, தெருவா, தோட்டமா எனக் காட்ட ஓர் இலக்கம் உண்டு. வீழ்ந்த வேளையிற் செய்துகொண்டிருந்த செயலைக் காட்டவும் ஓர் இலக்கம் உண்டு. அதில் வருமானத்துக்காக வேலை செய்தல் என்பது ஒன்று. வீட்டுப்பணி முதலான பிற வேலைகள் என்பது மற்றொன்று. கூலி பெறும் உழைப்பையும் கூலியற்ற உழைப்பையும் இவ்வேடு வேறுபடுத்தி அறிகின்றது என்பது வியப்புக்குரியது. கிணற்றடியில் வழுக்கி வீழ்ந்த பெண்ணின் உழைப்பும் அங்கே உழைப்பாகவே குறிக்கப்படலாம்.

யுத்தச் செயல்களுக்கு வை 36 என்ற தொகுதி உண்டு. அதனுள் வை 36.8 என்பது, யுத்தம் ஓய்ந்த பின்னர் நிகழ்ந்தவற்றுக்குரியது. யுத்த காலத்திற் புதைத்த கண்ணிவெடி பின்னாளில் வெடித்தல் இதற்கு உதாரணம். யுத்தத்தின் நீண்டகாலப் பின்விளைவுகளுக்கு வை 89.1 இருக்கின்றது. கடும் வறுமைக்கு இசட் 59.5, வைத்திய வசதி இல்லாமைக்கும் அதனை அடைய முடியாமைக்கும் இசட் 75.3.

எனவே, நாம் மேலே காட்டிய தொழிலாளியின் முழுக் கதையையும் இக்குறியீடுகளால் எழுதிவிட முடியும். கோணற் பொருத்து, பழைய முறிவின் விளைவு, மரத்திலிருந்து வீழ்ச்சி, வருமானத்துக்கான வேலை, வறுமை என ஐந்து குறிப்புகள் போதும். கதை எழுதப்படாமைக்குப் பகுப்பின் வறுமை காரணமன்று. அதனைப் பயன்படுத்தும் முறையே காரணம். நெருக்கடி மிகுந்த விடுதியில், முறிவு என்பதை இரு குறுக்குக் கோடும் இரு நெடுக்குக் கோடும் கொண்ட ஒரு சின்னத்தாற் குறித்துவிட்டு அடுத்த கட்டிலுக்குச் செல்லும் இளம் வைத்தியரைக் குறைகூறுவதிற் பயனில்லை. எதைக் கேட்க வேண்டும் என்பதை நிறுவனமே தீர்மானிக்கின்றது. கேட்கப்படாத வினாவுக்குரிய கட்டம் வெறுமையாகவே கிடக்கும்.

இலங்கையில் அரச வைத்தியசாலைகளில் தங்கிச் சிகிச்சை பெற்றோரின் விபரங்கள் சுகாதார அமைச்சின் மருத்துவப் புள்ளிவிபரப் பிரிவினாற் தொகுக்கப்படுகின்றன. வைத்தியசாலையில் அனுமதிக்கப்படுவதற்கான காரணங்களுள் காயங்கள் பல ஆண்டுகளாக முதலிடம் வகித்துவந்துள்ளன. ஆயின் ‘காயங்கள்’ என்னும் அப்பெருந் தொகைக்குள் பனையிலிருந்து வீழ்ந்தவரும் மோட்டார் சைக்கிளில் மோதுண்டவரும் ஒன்றாகவே உறங்குகின்றனர். சுதேச வைத்தியரிடம் மட்டும் சென்றவர் அத்தொகையில் இல்லவேயில்லை.

யாழ்ப்பாணத்தின் இரு மரபுகள்

இங்கு நாம் குடாநாட்டின் வைத்திய வரலாற்றை நோக்குதல் வேண்டும். 1847 இல் இங்கு வந்த அமெரிக்க மிஷன் வைத்தியர் சாமுவேல் பிஸ்க் கிறீன், மானிப்பாயை மையமாகக் கொண்டு மேலைத்தேய வைத்தியத்தைக் கற்பித்தார். 1860களில் தமிழையே போதனா மொழியாக்கினார். றொபர்ட் டுறூயிற்றின் சத்திர வைத்திய நூல் 1867 இல் ‘இரண வைத்தியம்’ என்ற பெயரில் தமிழில் வெளிவந்தது. முறிவையும் பொருத்தையும் நவீன விஞ்ஞான நோக்கில் தமிழிற் பேசுவதற்கான சொற்கள் இவ்வாறு 19ஆம் நூற்றாண்டிலேயே ஆக்கப்பட்டன. ஆனால் 1870 இல் கொழும்பில் தொடங்கிய வைத்தியக் கல்லூரி ஆங்கிலத்தையே மொழியாகக் கொண்டது. கிறீன் 1873 இல் தாயகம் திரும்பியபின் தமிழ்வழி வைத்தியக் கல்வி நிலைக்கவில்லை. வைத்தியர் எழுதும் மொழியும் நோயாளி பேசும் மொழியும் பிரிந்தன. தன் காலைப் பற்றி எழுதப்பட்டதைத் தானே வாசிக்க முடியாத நிலை இதன் விளைவாகும்.

மறுபுறத்தில் முறிவு நெரிவு வைத்தியம் மக்கள் மொழியிலேயே இயங்கியது. யாழ்ப்பாண அரசர் காலத்தோடு தொடர்புபடுத்தப்படும் செகராசசேகரம், பரராசசேகரம் ஆகிய வைத்திய நூல்கள் சுதேச மரபின் எழுத்துச் செல்வங்கள். ஆயினும் முறிவு வைத்தியம் பெரிதும் ஏட்டிலன்றிக் கையிலேயே வாழ்ந்தது. பரம்பரைக் குடும்பங்களில் தந்தையிடமிருந்து மைந்தன் பயின்றது. வலிகாமம் வடக்கிலுள்ள ஒட்டகப்புலம் இதற்குப் பெயர்பெற்ற ஊர். தமிழகத்தாருக்கு ஆந்திரப் பிரதேசத்துப் புத்தூர்க் கட்டு எப்படியோ, யாழ்ப்பாணத்தாருக்கு ஒட்டகப்புலத்துப் புக்கை அப்படி. பரியாரியார் விரலால் தடவி முறிவை அறிவார், இழுத்துப் பொருத்துவார், புக்கை வைத்துக் கட்டுவார். 1961ஆம் ஆண்டின் 31ஆம் இலக்க ஆயுள்வேதச் சட்டம் சுதேச வைத்தியருக்குச் சட்ட அங்கீகாரம் அளித்தது. ஆனால் அவர்களின் நோயாளரை நோய்ப் பகுப்பு எண்ணவில்லை.

இதனால் ஒரு வீண்வாதம் தலைமுறைகளாகத் தொடர்கின்றது. கோணற்கால்கள் புக்கையின் விளைவு என்பர் ஒரு சாரார். கத்தியும் தகடும் இன்றிச் சுகம் பெற்றோர் எத்தனை பேர் என்பர் மறு சாரார். சரியாகப் பொருந்திய கால் பரியாரியார் வீட்டிலிருந்து நேரே வயலுக்குப் போகின்றது. பிழைத்த கால் மட்டுமே வைத்தியசாலைக்கு வருகின்றது. அவ்வாறு வருவதை மட்டும் கண்டு தீர்ப்பளித்தல் விஞ்ஞானமாகாது. அதே வேளையில், தோல் கிழிந்த முறிவைப் புக்கைக்குள் மூடிவைப்பதன் ஆபத்தை மரபின் பெயரால் மறைத்தலும் ஏற்கத்தக்கதன்று. 2024 ஜனவரியில் உலக சுகாதார நிறுவனம் பதினோராவது திருத்தத்துடன் ஆயுள்வேத, சித்த, யுனானி நோய்நிலைகளுக்கான பகுதியொன்றை இணைத்தது. சுதேச வைத்தியத்தையும் கணக்கிற் கொள்ளுவதற்கு அது வாயில் திறந்துள்ளது.

யுத்தமும் கோணலும்

1990 முதல் நிலைமை முற்றிலும் மாறியது. வலிகாமம் வடக்கு மக்கள் இடம்பெயர்ந்தனர். ஒட்டகப்புலமும் இராணுவ வலயத்துக்குள் அகப்பட்டது. குடாநாடு தேசிய மின்வலையிலிருந்து பல ஆண்டுகள் துண்டிக்கப்பட்டிருந்தது. எரிபொருளும் மருந்துப் பொருள்களும் கட்டுப்பாட்டுக்குள்ளாயின. 1990களின் முற்பகுதியில் வன்னிக்குச் செல்லும் வழி கிளாலி நீரேரியூடான இரவுப் படகுப் பயணமாக இருந்தது. 1995 ஒக்டோபர் 30 அன்று வலிகாமத்து மக்கள் ஒரே இரவிற் புறப்பட்டபோது, பிளாஸ்ரர்க் கட்டுடன் இருந்தவர்களும் அத்திரளிலேயே நடந்தனர் அல்லது சுமக்கப்பட்டனர். முறிவுக்கு வேண்டியது அசையாமை. யுத்தமோ ஒரு சமூகம் முழுவதையும் அசைத்தது. எக்ஸ்றே இயந்திரத்துக்கு வேண்டிய மின்சாரம் அரசியற் பொருளாயிற்று.

அக்காலத்துக் கோணற் பொருத்தொன்றை எம் 84.0 என்று மட்டும் எழுதுவது பொய்யன்று. ஆனால் அது பாதி உண்மை. வை 89.1, இசட் 75.3 ஆகியவற்றையும் சேர்த்து எழுதினால் அதே கால் ஒரு வரலாற்று ஆவணமாகின்றது. யுத்த காயங்கள் வைத்திய அறிவை வளர்த்த உதாரணமும் உண்டு. இரண்டாம் உலக யுத்தத்துக்குப் பின், சோவியத் ஒன்றியத்தின் மேற்குச் சைபீரியாவிலுள்ள குர்கான் பிரதேசத்தில், பொருந்தாத, கோணிய கால்களுடன் வந்த முன்னாட் போர்வீரர்க்கும் தொழிலாளர்க்கும் சிகிச்சையளித்த கவ்ரீல் இலிசாரவ், என்பைச் சூழ வளையங்களைப் பொருத்திச் சிறிது சிறிதாக நேராக்கும் முறையை 1950களில் உருவாக்கினார். 1980 இல் இத்தாலிய மலையேறி கார்லோ மௌரியின் பழைய கால் முறிவு அங்கு குணப்பட்ட பின்னரே மேற்குலகம் அதனை விரிவாக அறிந்தது. இன்று கோணிய கணைக்காலை மீண்டும் வெட்டி நேராக்கும் சிகிச்சையில் அம்முறைக்கு முக்கிய இடமுண்டு.

பணம் கேட்கும் வினாக்கள்

ஒப்பீட்டுக்காக ஐக்கிய அமெரிக்காவை நோக்கலாம். அந்நாடு 2015 ஒக்டோபர் முதல் பத்தாவது திருத்தத்தின் தனது விரிந்த வடிவத்தைக் கையாள்கின்றது. அதில் எஸ் 82 என்ற குறியீட்டின் ஏழாம் இடத்தில் ஓர் எழுத்து சேர்க்கப்படும். மூடிய முறிவு கோணலாகப் பொருந்திய பின் வரும் வருகைக்கு ‘பி’. தோல் கிழிந்த முறிவாயின் அதன் கடுமைக்கேற்ப ‘கியூ’ அல்லது ‘ஆர்’. பொருந்தாமைக்கும் பிந்துதலுக்கும் வேறு எழுத்துகள். வலக்காலா இடக்காலா என்பதும் குறிக்கப்படும். இவ்வாறு முதல் முறிவும் அதன் விளைவும் ஒரே குறியீட்டிற் பிணைக்கப்படுகின்றன. நாம் மேலே கண்ட அறுபடல் அங்கு நேர்வதில்லை.

இந்நுட்பத்தின் உந்துவிசைகளுள் வலிமையானது காப்புறுதி வாணிபம். ஒவ்வொரு வருகையும் ஒரு பற்றுச்சீட்டு. ஒவ்வோர் எழுத்தும் பணம் கொடுக்கப்படுவதையோ மறுக்கப்படுவதையோ தீர்மானிக்கக்கூடியது. நமது நாட்டில் அரச வைத்தியசாலைச் சிகிச்சை கட்டணமின்றி வழங்கப்படுகின்றது. போராடிப் பெற்ற இவ்வுரிமை போற்றிக் காக்கத்தக்கது. ஆனால் பற்றுச்சீட்டு இல்லாத இடத்தில் நுட்பமான பதிவைக் கோரும் விசையும் இல்லாதிருக்கின்றது. பணத்துக்காக அங்கு கேட்கப்படும் வினாக்களை மக்களுக்காக இங்கு கேட்க முடியும் என்பதே இவ்வொப்பீட்டின் பயன்.

இது வெறும் அறிவுத்துறைக் கவலையன்று. 1934ஆம் ஆண்டின் தொழிலாளர் நட்டஈட்டுக் கட்டளைச் சட்டம் முதலாளி ஒருவரின் கீழ் வேலை செய்வோரை மனத்திற் கொண்டது. தளைநாரையும் கத்தியையும் தன்னுடைமையாகக் கொண்டு, நாளுக்கு இருமுறை பனையேறுபவருக்கு முதலாளி எவர்? அவருடைய முறிவு தொழிலால் நேர்ந்தது என்பதற்கு வைத்தியசாலைப் பதிவே முதன்மைச் சான்றாக இருக்கக்கூடும். ஊர் அவருக்கு ‘நொண்டி’ என்று அடைமொழி சூட்டிவிடுகின்றது. வைத்தியசாலை அவருக்கு எம் 84.0 என்று இலக்கம் சூட்டுகின்றது. ஒன்று இழிவு கலந்தது, மற்றது நடுநிலையானது. ஆயினும் வீழ்ச்சியையும் உழைப்பையும் வறுமையையும் மறந்துவிடுவதில் இரண்டும் ஒன்றே.

முடிவுரை

மேற்கூறியவற்றிலிருந்து நாம் பெறும் முடிவுகள் சில. கோணற் பொருத்து என்பது உடலில் எழுதப்பட்ட சமூக உறவு. அதனை முழுமையாகக் குறிப்பதற்கான கருவிகள் நோய்ப் பகுப்பில் ஏற்கெனவே உள்ளன. அவற்றுட் காரணத்தைக் காட்டும் பகுதி பயன்படாது கிடப்பதால், தொழிலின் முறிவும் யுத்தத்தின் முறிவும் உடலின் இயல்பான நோய் போலத் தோற்றமளிக்கின்றன.

செய்யவேண்டியவையும் பெரியனவல்ல. நோயாளி வைத்தியசாலையை விட்டுச் செல்லும்போது கொடுக்கப்படும் துண்டில் எவ்வாறு முறிந்தது, எங்கே, என்ன வேலையின்போது, இடையில் எங்கு வைத்தியம் செய்யப்பட்டது என்னும் நான்கு வினாக்களுக்கு இடமிருத்தல் வேண்டும். அவை தமிழிற் கேட்கப்பட்டு, தமிழில் எழுதப்பட்டு, நோயாளிக்கு வாசித்துக் காட்டப்படுதல் வேண்டும். பல்கலைக்கழகத்தின் வைத்தியத்துறையினரும் சித்தத்துறையினரும் தமிழ்த்துறையினரும் ஒன்றுகூடிச் செய்யத்தக்க பணி இது. கலைச்சொல்லாக்கம் என்பதை ஆங்கிலச் சொல்லுக்குத் தமிழ்ச்சொல் தேடும் அளவில் நிறுத்திவிடாது, எவருடைய அனுபவம் சொல்லாக வேண்டும் என்ற வினாவாக விரித்தல் நம் கடன். பனையடியிலும் பதுங்குகுழியிலும் முறிந்த கால்களுக்கு அவ்வினாவே இதுவரை கிடைக்காத நியாயத்தின் தொடக்கமாகும்.